பதினெட்டில் ஐந்து

அச்சகத்தில் அவளுக்குக் காற்புள்ளியக்கா என்று பெயர். வாக்கியத்தில் ஒரு காற்புள்ளி விட்டுப்போயிருந்தால்கூட பல்லில் கல் மாட்டியதுபோல முகத்தைச் சுளிப்பாள் என்று மெஷின்காரர் வைத்த பெயர். பள்ளிப் பிள்ளைகளுக்கான கைடு புத்தகங்கள் போடும் அச்சகம் அது. பதினோரு வருடமாக அங்கே பிழை திருத்துகிறாள். யாராவது அந்தப் பெயரைச் சொல்லிக் கூப்பிட்டால் பொய்க்கோபம் காட்டுவாள். உள்ளுக்குள் குளிர்ந்து போவாள்.

பக்கத்து மேசை ரெட்டைக்கண்ணாடியினுடையது. கம்ப்யூட்டரில் பக்கம் அமைக்கிறவர். திரையைப் பார்க்க ஒரு கண்ணாடி, தாளைப் பார்க்க ஒரு கண்ணாடி. ஒன்று மூக்கில் இருந்தால் மற்றது நெற்றியில் ஏறியிருக்கும். அவர் அடித்த பக்கத்தை அச்செடுத்து அவளிடம் தருவார். அவள் சிவப்புப் பேனாவால் திருத்துவாள். அவர் அந்தத் திருத்தங்களைத் திரையில் ஏற்றிவிட்டுத் தாளை அவளிடமே திருப்பிக் கொடுப்பார். புத்தகம் வெளியே போனதும் தாள்கள் மூட்டையாகப் பழைய பேப்பர் கடைக்குப் போகும். எட்டு வருடம் இப்படியே ஓடியது. அவர் அவளைத் தங்கச்சி என்பார், அவள் அவரை அண்ணே என்பாள். இருவருக்கும் நடுவில் ஒரு நாள்கூட முகம் கோணியதில்லை.

அந்த வருடம் எட்டாம் வகுப்புக் கணக்கு கைடு எழுதிக் கொடுத்தவர் ஓய்வுபெற்ற ஒரு வாத்தியார். எடுத்தெறிந்து பேசுகிற மனிதர். ஒரு சந்தேகம் கேட்க அவள் போன் செய்தபோது, “இதுக்கெல்லாமா போன் பண்ணுவீங்க? கணக்கு தெரியாதவங்கள எதுக்கும்மா கணக்குப் புத்தகத்துல உக்கார வைக்கிறாங்க?” என்று கேட்டுவிட்டு வைத்துவிட்டார். அந்தச் சொல் அவளுக்குள் முள்ளாகத் தங்கிவிட்டது.

அடுத்த வாரம் ‘வேகம், தூரம், நேரம்’ என்ற பாடம் மேசைக்கு வந்தது. பாடத்தின் தொடக்கத்தில் ஒரு கட்டம். மணிக்கு இத்தனை கிலோமீட்டர் என்று இருக்கும் வேகத்தை விநாடிக்கு இத்தனை மீட்டர் என்று மாற்ற 5/18 ஆல் பெருக்குக. திருப்பி மாற்ற 18/5 ஆல் பெருக்குக. அவ்வளவுதான் கட்டம்.

அவள் பேனாவை நிறுத்தினாள். கிலோமீட்டர் பெரியது, மீட்டர் சிறியது. ஒரு கிலோமீட்டருக்கு ஆயிரம் மீட்டர். அப்படியென்றால் மீட்டராக மாற்றும்போது எண் பெருகத்தானே வேண்டும்? 5/18 ஆல் பெருக்கினால் எண் சுருங்கிப்போகிறதே. வாத்தியார் தலைகீழாக எழுதிவிட்டார்!

சந்தேகம் வந்தால் ஓரத்தில் கேள்விக்குறி போட்டு எழுதியவரைக் கேட்க வேண்டும் என்பது அச்சகத்தின் வழக்கம். அன்று அவள் கேட்கவில்லை. இன்னொரு தடவை அந்த ஆளிடம் வாங்கிக் கட்டிக்கொள்ள அவள் தயாராக இல்லை. இரண்டு பின்னங்களையும் சிவப்பு மையால் இடம் மாற்றினாள். ‘யாருக்குக் கணக்கு தெரியாது?’ என்று மனசுக்குள் ஒரு கேள்வியும் கேட்டுக்கொண்டாள். எல்லாம் சேர்ந்து அரை நிமிடம் ஆகியிருக்கும். ரெட்டைக்கண்ணாடி அன்று ஏற்றிய இருநூறு முந்நூறு திருத்தங்களோடு அதுவும் ஒன்றாகப் போய்விட்டது. பன்னிரண்டாயிரம் பிரதி.

நான்கு மாதம் கழித்து ஒரு சாயங்காலம். எட்டாம் வகுப்பு படிக்கும் அவள் மகள் கூடத்தில் கைடை விரித்துக்கொண்டு பென்சிலைக் கடித்துக்கொண்டிருந்தாள். கணவர் டவுன் பஸ் ஓட்டுகிறவர். ஷிப்ட் முடிந்து வந்து சட்டையைக்கூடக் கழற்றாமல் நாற்காலியில் காலை நீட்டியிருந்தார்.

“அப்பா, மணிக்கு 54 கிலோமீட்டர் வேகத்துல போற பஸ், இருபது விநாடில எவ்ளோ தூரம் போகும்?”

“நீயே போட்டுச் சொல்லு.”

“போட்டேன். 3888 மீட்டர் வருது.”

கணவர் கண்ணைத் திறந்தார். “எவ்ளோ?”

“மூவாயிரத்து எண்ணூத்தி எண்பத்தெட்டு.”

அவர் வயிற்றைப் பிடித்துக்கொண்டு சிரித்தார். “அடிப்பாவி, நாலு கிலோமீட்டர் இருபது விநாடிலயா? எங்க டிப்போலேருந்து ஆஸ்பத்திரி ஸ்டாப் நாலு கிலோமீட்டர். அதுக்கு எனக்கு இருபது நிமிஷம் ஆகுது. நீ சொல்றது பஸ் இல்லடி, ராக்கெட்டு!”

மகளுக்கு ரோஷம் வந்துவிட்டது. “நான் ஒண்ணும் தப்பாப் போடல. கைடுல 18/5 ஆல பெருக்கச் சொல்லிருக்கு. பின்னாடி விடை மட்டும் 300னு இருக்கு. போன வாரம் அரையாண்டுத் தேர்வுலயும் எங்க கிளாஸ்ல யாருக்குமே இது வரல.”

“அப்போ கைடு போட்டவனுக்கு மூளை கழண்டுபோச்சு. அம்மாகிட்டக் கேளு, அவங்க அச்சகம்தானே?”

அவள் அடுக்களை வாசலில் கையில் தட்டோடு நின்றிருந்தாள். “பார்க்கறேன்” என்று மட்டும் சொல்லிவிட்டு உள்ளே திரும்பிக்கொண்டாள்.

மகளின் பழைய நோட்டில் கிழித்த ஒரு தாளை அடுப்பு மேடையில் வைத்து அவளே போட்டுப் பார்த்தாள். கிலோமீட்டரை மீட்டராக்க ஆயிரத்தால் பெருக்க வேண்டும். அதுவரை அவள் நினைத்தது சரி. ஆனால் மணியும் விநாடியாக வேண்டுமே. ஒரு மணிக்கு 3600 விநாடி. ஒரு மணி நேரம் முழுக்கப் போகிற தூரத்தை 3600 துண்டாக வெட்டி ஒரு துண்டை எடுக்க வேண்டும். ஆயிரத்தால் பெருக்கி 3600 ஆல் வகுத்தால் 5/18. ஐம்பத்துநான்குக்குப் பதினைந்து. இருபது விநாடிக்கு முந்நூறு மீட்டர். வாத்தியார் எழுதியது அச்சு அசலாகச் சரி. நேரத்தை அவள் நினைத்தே பார்க்கவில்லை.

மறுநாள் முதல் ஆளாக அச்சகத்துக்குப் போய் இழுப்பறையைக் குடைந்தாள். அந்தப் பாடத்தின் ப்ரூஃப் தாள் மூட்டைக்குப் போகாமல் அடியில் கிடந்தது. இரண்டு பின்னங்களையும் மாற்றிப் போட்ட அம்புக்குறி, அவளுடைய சிவப்பு மை, கீழே அவளுடைய சுருக்கொப்பம். அப்போதே எடுத்துக்கொண்டு முதலாளி அறைக்குப் போயிருக்கலாம். பத்தடி தூரம்தான். நாளைக்குச் சொல்லலாம் என்று தாளை அடியிலேயே வைத்தாள். மறுநாளும் நாளைக்கு என்றாள்.

மூன்றாம் நாள் பள்ளிகளிலிருந்து போன் வர ஆரம்பித்துவிட்டது. மதியத்துக்குள் நான்கு பள்ளிகள். அரையாண்டுத் தேர்வில் வகுப்பு மொத்தமும் 18/5 என்று எழுதி வைத்திருக்கிறதாம். வாத்தியார் கையெழுத்துப் பிரதியைக் கையில் பிடித்துக்கொண்டு நேரிலேயே வந்துவிட்டார். முதலாளி அவளையும் ரெட்டைக்கண்ணாடியையும் உள்ளே கூப்பிட்டார்.

“நான் எழுதினது இதோ, கண்ணத் தொறந்து பாருங்க. 5/18” என்று வாத்தியார் மேசையில் தட்டினார். “மாத்தினது யாரு?”

ரெட்டைக்கண்ணாடி ஒரு கண்ணாடியை இறக்கி மற்றதை ஏற்றிப் பார்த்தார். “சார், தாள்ல என்ன திருத்தம் இருந்துச்சோ அதத்தான் நான் ஏத்துவேன். நானா எதையும் தொட மாட்டேன்.”

“அந்தத் தாள் எங்க?” என்று முதலாளி அவளைப் பார்த்தார்.

“பழைய பேப்பருக்குப் போயிடுச்சு சார்.”

“நீ பாக்கும்போது எப்படிம்மா இருந்துச்சு?”

அந்த ஒரு கணத்தில் இரண்டு பதில்களும் அவளுக்கு எட்டும் தூரத்தில்தான் இருந்தன.

“நான் பாக்கும்போது சரியாதான் சார் இருந்துச்சு.”

ரெட்டைக்கண்ணாடி அவள் பக்கம் திரும்பினார். அந்தப் பார்வையில் கோபம் இருந்திருந்தால்கூட அவளுக்குக் கொஞ்சம் லேசாக இருந்திருக்கும். அவர் குழப்பத்தோடு பார்த்தார். சாவியை எங்கே வைத்தோம் என்று தேடுகிறவர் பார்ப்பதுபோலத் தன் கைகளையும் பார்த்துக்கொண்டார்.

“காற்புள்ளியையே விடாதவ இதை விடுவாளாய்யா?” என்றார் முதலாளி. அவள் பதினோரு வருடமாகச் சேர்த்த நல்ல பெயர் அந்த மனிதரின் தலையில் இறங்கியது.

மாதக் கடைசியோடு அவரை நிறுத்திவிட்டார்கள். நாற்காலியில் போட்டு உட்காரும் சின்ன மெத்தையைச் சுருட்டி அக்குளில் இடுக்கிக்கொண்டு அவர் கிளம்பினார். “வரேன் தங்கச்சி. பாத்துக்க” என்றார். அவள் தலையை ஆட்டினாள். அவர் படியிறங்கும் சத்தம் ஓயும்வரை ஒரே வரியைத் திரும்பத் திரும்பப் படித்துக்கொண்டிருந்தாள்.

விற்காமல் மிஞ்சிய பிரதிகளில் ஒட்டுவதற்குப் பிழைதிருத்தச் சீட்டு அடித்தார்கள். இரண்டு நாள் எல்லாரும் உட்கார்ந்து ஒட்டினார்கள். விரல் இடுக்கெல்லாம் பசை. “பாவம் மனுஷன், கண்ணு போச்சு போல” என்று மெஷின்காரர் சொன்னபோது அவள் குனிந்த தலை நிமிரவில்லை.

மகளுக்கும் அந்தக் கணக்கில் நான்கு மார்க் போயிருந்தது. “யாரும்மா அந்தத் தப்பப் பண்ணினது?” என்று கேட்டாள். பக்கம் அமைக்கிறவர் என்று அவள் வாய் சொன்னது. “அவர வேலைய விட்டுத் தூக்கிட்டாங்களா?” “ஆமா.” “நல்லா வேணும்” என்றாள் மகள்.

அதற்குப் பிறகு வேகம் என்ற ஒன்று அவளை எங்கேயும் விடவில்லை. கணவரின் பஸ்ஸில் போகும்போது வேகம் காட்டும் முள் நாற்பதைக் காட்டினால் அது பதினொன்று, விநாடிக்குப் பதினொரு மீட்டர் என்று கணக்குத் தானாக ஓடும். முப்பத்தாறுக்குப் பத்து. எழுபத்திரண்டுக்கு இருபது. சாலையோரத்தில் வேக எல்லைப் பலகையைக் கண்டால் முகத்தைத் திருப்பிக்கொள்வாள். இப்போது யாராவது எழுப்பிக் கேட்டாலும் பிசகில்லாமல் சொல்வாள். சொல்லி யாருக்கு என்ன ஆகப்போகிறது? காற்புள்ளியக்கா என்று கூப்பிட்டால் இப்போது நிஜமாகவே எரிச்சல் வந்தது. அந்த ஒரு தாளை மட்டும் வீட்டுக்குக் கொண்டுவந்து பீரோவில் புடவைக்கு அடியில் வைத்திருந்தாள். கிழித்துப் போட இரண்டு தடவை எடுத்தாள். கை வரவில்லை.

ஒரு வருடம் போனது. மகளின் மதிப்பெண் பட்டியலை நகலெடுக்க வேண்டியிருந்தது. வழக்கமான கடை பூட்டியிருந்ததால் நீதிமன்றத்துக்கு எதிர்ச் சந்தில் இருந்த ஒரு ஜெராக்ஸ் கடைக்குப் போனாள். மெஷினின் மூடியைத் தூக்கிக்கொண்டு நின்றவர் ரெட்டைக்கண்ணாடி.

திரும்பி ஓடிவிட முடியாத தூரத்துக்கு வந்துவிட்டிருந்தாள்.

“அட, தங்கச்சி! வா வா. பொண்ணோடதா இது? ஒன்பதாவதா? கொடு.” அவர் முகத்தில் உண்மையான சந்தோஷம். “இது நம்ம கடைதான். நானும் உங்க அண்ணியும் பாத்துக்கறோம்.”

“பக்கம் அமைக்கிற வேல எதுவும் எடுக்கறதில்லயாண்ணே?” எதையாவது பேச வேண்டுமே என்று கேட்டுவிட்டாள்.

அவர் தாளை மெஷின் கண்ணாடியில் நேராக வைத்தார். “ரெண்டு மூணு பேர் கூப்பிட்டாங்க. நான்தான் போகல. பயமா இருக்கும்மா. மொதல்ல நான் மாத்தலன்னு அடிச்சுச் சொன்னேன். அப்பறம் யோசிச்சேன். நீயே சரியா இருந்துச்சுன்னு சொல்றே. நீ பொய் சொல்லப் போறியா? அப்போ என் கைதானே தவறியிருக்கணும்? எத்தன பிள்ளைங்களுக்கு மார்க் போச்சோ. கண் டாக்டர்கிட்டப் போனேன், ஒண்ணுமில்லன்னார். கண்ணுல ஒண்ணுமில்லன்னா மூளைலதானே ஏதோ இருக்கு? இது நல்ல வேல. வெச்சா அப்படியே வரும். நான் எதையும் மாத்த முடியாது.”

மெஷினுக்குள் வெளிச்சம் ஒரு கோடியிலிருந்து மறுகோடிக்கு ஓடியது. நகலை அவர் இரண்டு கையாலும் நீட்டினார். அவள் வாங்கிக்கொண்டு நடந்தாள். சந்து முனை திரும்பியதும் நின்றுவிட்டாள். வேலையைத்தான் பறித்தோம் என்று ஒரு வருடமாக நினைத்திருந்தாள். அந்த மனிதருக்குத் தன்மேலிருந்த நம்பிக்கையையும் அல்லவா சேர்த்துப் பிடுங்கியிருக்கிறாள்!

அன்று சாயங்காலம் கணவரையும் மகளையும் உட்கார வைத்து எல்லாவற்றையும் சொன்னாள். பீரோவிலிருந்து தாளை எடுத்துக் காட்டினாள். கணவர் அதை வாங்கிப் பார்த்தார். “அன்னிக்கு நான் சிரிச்சேனே, அப்பவாவது சொல்லியிருக்கலாமே” என்றார். மகள் தாளை மடித்து அம்மாவிடம் நீட்டினாள். பிறகு, “நல்லா வேணும்னு சொன்னேன்ல நான்? கேட்டுட்டு நின்னியேம்மா” என்றாள்.

காலையில் தாளோடு ஜெராக்ஸ் கடைக்குப் போனாள். அவரும் மனைவியும் கடையில் இருந்தார்கள். சுற்றி வளைத்தால் தைரியம் போய்விடும் என்று நேராகவே சொன்னாள்.

“அண்ணே, நீங்க ஒண்ணும் தப்பு பண்ணல. நான்தான் மாத்தினேன். இதோ தாள்.”

அவர் நெற்றிக் கண்ணாடியை இறக்கினார். சிவப்பு அம்புக்குறியின் மேல் விரலை வைத்து ஓட்டினார்.

“பழைய பேப்பருக்குப் போயிடுச்சுன்னு சொன்னியே.”

“பொய் சொன்னேன்.”

“அன்னிக்கே உன்கிட்ட இருந்துச்சா?”

“அதுக்கு மூணு நாள் முன்னாடியே தெரியும்ணே.”

அவர் ஸ்டூலில் மெதுவாக உட்கார்ந்தார். அவருக்குப் பதிலாக மனைவிதான் பேசினார். குரலை உயர்த்தவில்லை. “இவரு எத்தன தடவ தூக்கத்துலேருந்து எழுந்து உக்காந்து, நான் எப்படி அடிச்சேன், எப்படி அடிச்சேன்னு கேட்டிருக்காரு தெரியுமா? வீட்டுல கரண்ட் பில் நம்பர்கூட என்னப் பாக்கச் சொல்லுவாரு. தப்பாப் பாத்துடுவேனோன்னு பயம். உங்கள எங்க வீட்டுல எவ்ளோ நல்லவங்கன்னு சொல்லி வெச்சிருந்தாரு.”

“மன்னிச்சிடுங்கண்ணி.”

“என்னக் கேக்காதீங்க.”

ஒருவர் நகலெடுக்க வந்தார். ரெட்டைக்கண்ணாடி எழுந்து அவருக்கு எடுத்துக் கொடுத்துவிட்டு வந்தார். “எதுக்கு மாத்தின?” என்று கேட்டார். குற்றம் சாட்டுகிற மாதிரி அல்லாமல், தொழில் சந்தேகம் கேட்கிற மாதிரி. அவள் சொன்னாள்: கிலோமீட்டரைப் பார்த்தேன், மணியைப் பார்க்கவில்லை. வாத்தியாரைக் கேட்க ரோஷம் விடவில்லை. அவர் கேட்டுக்கொண்டு, “சரி, தாள நான் வெச்சுக்கறேன். நீ போய் முதலாளிகிட்டச் சொல்லு. நான் வர மாட்டேன். நீயே சொல்லு” என்றார்.

முதலாளி கேட்டுவிட்டுத் தலையில் கை வைத்துக்கொண்டார். “முடிஞ்சு போன கதைய ஏம்மா தோண்டறே? இப்போ நான் என்ன பண்ணணும்?”

“அவர்கிட்ட நீங்க பேசணும் சார். எல்லார் முன்னாடியும் நான் சொல்லணும். அந்த நாலு பள்ளிக்கும் கடிதம் போடணும்.”

“கடிதமெல்லாம் வேணாம். அச்சகத்தோட பேரு கெட்டுப்போகும்.”

மற்ற இரண்டும் நடந்தன. மெஷின் கூடத்தில் எல்லார் முன்னாலும் சொன்னாள். காற்புள்ளியக்கா என்று அதன் பிறகு யாரும் கூப்பிடவில்லை. அவள் எதிரில் வரும்போது பேச்சைக் கொஞ்சம் தணித்தார்கள். முதலாளி அவளை வேலையை விட்டு நிறுத்தவில்லை. நிறுத்தியிருந்தால் தேவலை என்றுகூட அவளுக்கு இருந்தது. ஆனால் கணக்குப் புத்தகம் எதுவும் அவள் மேசைக்கு வருவதில்லை.

புதுப் பதிப்பு வேலை ஆரம்பித்தபோது ரெட்டைக்கண்ணாடி திரும்பி வந்தார், காலை நேரம் மட்டும். பழைய இடத்தில் இப்போது வேறொரு பெண் இருந்ததால் அவருக்குச் சன்னல் ஓரமாக மேசை போட்டார்கள். முதல் வாரம் ஒவ்வொரு எண்ணையும் மூன்று தடவை பார்த்தார். பிறகு இரண்டு. இப்போது பழையபடி கை ஓடுகிறது. அவளிடம் வேலை விஷயம் பேசுவார். அவளை எந்த முறை வைத்தும் அழைப்பதில்லை. தாளை நீட்டி, “இது” என்பார், அவ்வளவுதான். அவளும் அண்ணே என்று சொல்லும் உரிமை இன்னும் தனக்கு இருக்கிறதா என்று தெரியாமல் விழுங்கிக்கொள்கிறாள்.

முதலாளிக்குத் தெரியாமல் நான்கு பள்ளிகளுக்கும் அவள் தன் பெயரில், தன் கையெழுத்தில் கடிதம் எழுதினாள். பிள்ளைகள் மேலும் தப்பில்லை, பக்கம் அமைத்தவர் மேலும் தப்பில்லை, தப்பு என்னுடையது. மூன்று பள்ளிகள் பதில் போடவில்லை. ஒரு பள்ளியிலிருந்து கணக்கு டீச்சர் நான்கு வரி எழுதியிருந்தார். கணவர் பஸ்ஸிலிருந்து வந்தபோது அவள் அதைத்தான் கையில் வைத்திருந்தாள்.

“என்ன எழுதிருக்காங்க?”

“அந்தப் பிள்ளைங்கள்ல பாதிப் பேரு இப்போ வேற வேற பள்ளிக்குப் போயிட்டாங்களாம். எங்கயாவது பாத்தா சொல்றேன்னு எழுதிருக்காங்க.”

“சொன்னாப் போச்சு.”

“முப்பத்தெட்டுப் பேருங்க, அந்த ஒரு வகுப்புலயே” என்றாள் அவள்.

கணவர் அவள் பக்கத்தில் உட்கார்ந்தார். உள்ளறையில் மகள் எதையோ வாய்விட்டுப் படித்துக்கொண்டிருந்தாள். நடுவில் நிறுத்தி, “அம்மா, இங்க வந்து இதக் கொஞ்சம் பாரேன்” என்று கூப்பிட்டாள். அந்தத் தாளைக் காட்டிய நாளுக்குப் பிறகு, பல மாதங்கள் கழித்து, இப்போதுதான் கூப்பிடுகிறாள். அவள் கடிதத்தைக் கணவரிடம் கொடுத்துவிட்டு எழுந்தாள்.